அடிபட்டது சுத்தம்

பின்னங்கால்கள் இரண்டையும் சேர்த்துப் பிடித்து, இடுப்பை ஒரு பக்கம் சாய்த்து, பல்லைக் கடித்துக்கொண்டு இழுக்கிறார் கழுகக்கா. செத்த மான் சாலையை விட்டு வர மாட்டேன் என்கிறது. அதன் கொம்பு ஓர இரும்புத் தடுப்பில் மாட்டிக்கொண்டிருக்கிறது. "வாடா ராசா, அடம் பிடிக்காத. உனக்காக அங்க ரெண்டு பேரு காத்துக்கிட்டிருக்காங்க" என்று அதனிடம் கெஞ்சுகிறார். பின்னால் வண்டிகள் ஹாரனை அலற விடுகின்றன. அவர் திரும்பிக்கூடப் பார்ப்பதில்லை. கொம்பை விடுவித்து, மானைத் தன் சின்ன லாரியின் சாய்பலகை மேல் உருட்டி ஏற்றிக் கட்டிவிட்டு, கையுறையைக் கழற்றாமலே நெற்றி வியர்வையைத் தோளில் துடைத்துக்கொள்கிறார்.

நெடுஞ்சாலையில் அடிபட்டுக் கிடப்பவற்றை அள்ளுவது அவருடைய வேலை. நாய், பூனை, முள்ளம்பன்றி, மான், சில நாள் மாடு. அள்ளியதைப் பணிமனை எரியுலையில் போட்டுவிட வேண்டும் என்பது விதி. பாதிக்கு மேல் அங்கே போய்ச் சேர்ந்ததில்லை. மூடிக் கிடக்கும் கல்குவாரிக்குப் பின்னால் ஒரு பொட்டல் வெளி இருக்கிறது. அங்கே கொண்டுபோய் இறக்குவார். உலைக்கு எண்ணெய் மிச்சம் என்று சூப்பர்வைசரும் கண்டும் காணாததுபோல் இருந்துவிடுவார். பந்திக்கு வருகிறவர்கள் இரண்டு கழுகுகள். பிடரியில் பொன்னிறம் ஓடிய, சிறகை விரித்தால் அந்த லாரியின் அகலத்துக்கு நிற்கும் ஜோடி. பெண் கழுகு உருவத்தில் பெரியது, அதனால் அது ‘பெரியவ’. ஆண் கழுகு எப்போதும் அவள் தின்று முடிக்கும்வரை ஓரமாக நிற்கும், அதனால் அது ‘மாப்பிள்ளை’.

இந்த வேலைக்கு வந்த புதிதில் கழுகைப் பற்றி அவருக்குத் தெரிந்ததெல்லாம் பள்ளிக்கூடப் புத்தகத்துப் படம்தான். மலை உச்சி, விறைத்த கழுத்து, காலில் துடிக்கும் பாம்பு. அப்படி நினைத்திருந்தவர், ஒரு நாள் காலை வளைவில் திரும்பியபோது சாலை நடுவே செத்த நாய் ஒன்றையும், அதன் வயிற்றுக்குள் தலையை விட்டிருந்த ஏதோ ஒன்றையும் பார்த்தார். அது தலையைத் தூக்கியது. கண் வரைக்கும் ரத்தம். பிடரியில் பொன்னிறம். "அட அநியாயமே!" என்று லாரிக்குள்ளேயே கத்திவிட்டார். இன்றைக்கும் அந்தக் கதையைச் சொல்லும்போது குரல் ஏறிவிடும். "ராஜான்னு நெனச்சேங்க. நாய்க்குடலை நூடுல்ஸ் உறியுற மாதிரி உறிஞ்சிக்கிட்டு நிக்குது!"

அந்த அதிர்ச்சி தீருவதற்குள் அடுத்தது வந்தது. எதிரே சரக்கு லாரி. கழுகு சிறகை விரித்தது, நாலெட்டு ஓடியது, எழும்ப முடியவில்லை. தொண்டைக்குக் கீழே பை புடைத்துத் தொங்கும் அளவுக்குத் தின்றிருந்தது. முழு வயிற்றோடு நாம் பேருந்தைப் பிடிக்க ஓடுவோமே, அந்த ஓட்டம்தான். லாரி அதை அடித்துவிட்டு நிற்காமல் போனது. அன்றைக்கு நாயையும் கழுகையும் ஒரே பலகையில் ஏற்றிக்கொண்டு போனவர், அதற்குப் பிறகு எதையும் சாலையோரத்தில் கிடக்க விட்டதில்லை. தின்ன வேண்டியது எங்கேயாவது நிம்மதியாகத் தின்னட்டும் என்றுதான் குவாரிப் பந்தி தொடங்கியது.

வீட்டுக்காரர் சலவைக்கடை வைத்திருக்கிறார். தெருவிலேயே வெள்ளையான சட்டை அவருடையதுதான். இப்படி ஒரு மனிதருக்கு இப்படி ஒரு மனைவி வாய்த்ததைச் சொல்லிச் சிரிக்காதவர்கள் கிடையாது. கழுகக்காவின் வேலை உடுப்பு கடை இயந்திரத்துக்குள் ஒரு தடவைகூடப் போனதில்லை. கொல்லைப்புறத்தில் தனி வாளி, தனிச் சோப்பு, தனிக் கொடி. "ஊரு அழுக்கு மொத்தத்தையும் வெளுக்கறேன். உன் அழுக்கு மட்டும் என் சக்திக்கு மீறினது தாயே" என்று அவர் கும்பிடுவார். "அப்போ என்னையும் கொடியிலயே காயப் போட்டுடுங்க" என்பார் கழுகக்கா. குளித்துவிட்டு வந்தால்தான் அவருக்குச் சோறு, குளித்த பிறகும் வீட்டுக்காரர் ஒரு தடவை மூக்கை உறிஞ்சிப் பார்த்துக்கொள்வார்.

கழுகக்காவுக்கு எத்தனை வருஷமானாலும் பழகாத ஒரு குணம் உண்டு, எதைப் பார்த்தாலும் புதிதாக அதிர்ந்துபோவார். மாப்பிள்ளை ஓர் ஆமையைத் தூக்கிக்கொண்டு உயரே போய்ப் பாறைமேல் போட்டு உடைத்ததைப் பார்த்த நாளில் மதியச் சாப்பாட்டைத் திறக்கவே இல்லை. இரண்டும் சேர்ந்து முயல் பிடிப்பதைப் பார்த்தபோது வாயில் கை வைத்தார். ஒன்று முன்னால் தாழப் பறந்து விரட்டுகிறது, முயல் அதையே பார்த்து ஓடுகிறது, மற்றது பின்னாலிருந்து வந்து எடுத்துக்கொள்கிறது. கொத்தவே இல்லை, காலால் பிடித்த பிடியிலேயே முயல் அடங்கிவிட்டது. "கூட்டுக் களவாணிங்க! பாக்க எவ்ளோ கௌரவமா இருக்குதுங்க" என்று வீட்டில் வந்து திட்டினார்.

குவாரிச் சரிவில் உள்ள கூட்டில் ஒரு வருஷம் இரண்டு குஞ்சுகள் பொரித்தன. மூத்தது இளையதைக் கொத்திக் கொத்தியே கொன்றது. பெரியவ பக்கத்தில் நின்று பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு செத்த குஞ்சைக் கிழித்து மூத்ததற்கு ஊட்டினாள். தொலைநோக்கியை லாரி இருக்கையில் எறிந்துவிட்டு, கழுகக்கா அழுதுகொண்டே வண்டியைத் திருப்பினார். அந்த வாரம் முழுக்கக் கிடைத்த எல்லாவற்றையும் உலையில் போட்டார். கழுகுகளோடு பேச்சுவார்த்தை இல்லை. பிறகு ஒரு முயல் அடிபட்டுக் கிடைத்தது. "போனாப் போகுது, புள்ளைக்காரி" என்று முணுமுணுத்துக்கொண்டே குவாரிப் பக்கம் வண்டியை விட்டார்.

பணிமனையில் யாராவது வாயைக் கிளறுவார்கள். "அக்கா, அது கழுகே இல்ல, பிணந்தின்னி. அசல் கழுகு செத்ததைத் தொடுமா?" அவருக்குச் சுள்ளென்று வரும். "நான் கண்ணால பாத்தவ. வேட்டையாடுறதும் அதேதான், செத்ததைத் தின்னுறதும் அதேதான். நீ மட்டும் என்ன, புதுசா ஆக்கியும் தின்னுற, பழசைச் சூடு பண்ணியும் தின்னுற. உன்னை யாராச்சும் வேற ஜாதிப் பறவைன்னாங்களா?"

பந்தியைப் பற்றி அவருக்குப் பெருமை அதிகம். கண்டதையும் போட மாட்டார். எதை அள்ளினாலும் முதல் கேள்வி, "எப்படி செத்துது?" வாயில் நுரை தள்ளிய நாய், காரணம் தெரியாமல் செத்த மாடு, எலி மருந்து தின்ற பூனை எல்லாம் நேரே உலைக்கு. வாயை முகர்ந்து பார்ப்பார், பல்லைத் தூக்கி ஈறின் நிறத்தைப் பார்ப்பார். சக்கரத்தில் அடிபட்டுச் செத்தது மட்டும்தான் குவாரிக்கு. "அடிபட்டது சுத்தம்" என்பது அவருடைய சட்டம். பெரிய மிருகமாக இருந்தால் தோல் தடிப்பு என்று கத்தியால் வயிற்றில் ஒரு கீறல் போட்டுவிட்டுத்தான் வருவார். விருந்தாளிக்குத் தட்டைத் திறந்து வைப்பது என்று அதற்குப் பெயர்.

அப்படிப்பட்டவருக்குத்தான் பிறகு வந்த குளிர்காலத்தில் ஒரு குதிரை கிடைத்தது.

ஊருக்கு வெளியே குழந்தைகளுக்குக் குதிரையேற்றம் சொல்லித்தரும் பள்ளி ஒன்று உண்டு. அங்கே லாயத்தைக் கவனிப்பவர் போன் செய்தார். கிழட்டுக் குதிரை ஒன்று செத்துவிட்டது, லாரி வேண்டும். கழுகக்கா போய் இறங்கியதும் வழக்கமான கேள்வியைக் கேட்டார்.

"எப்படி செத்துதுண்ணே?"

"வழுக்கி விழுந்து காலு ஒடிஞ்சு போச்சுக்கா. அந்த வயசுல ஒட்டாதுன்னுட்டாங்க டாக்டரம்மா. ஊசி போட்டாங்க. ஒரு துள்ளல் இல்ல, ஒரு சத்தம் இல்ல. கொழந்தை மாதிரி தூங்கிடுச்சு." லாயக்காரர் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

"நோய் நொடி?"

"ஒண்ணும் கெடையாது. விழுறதுக்கு முன்னாடி வரைக்கும் புள்ளைங்களைச் சுமந்துச்சு. எரிச்சிடணும்னு மட்டும் உங்ககிட்ட கண்டிப்பா சொல்லச் சொன்னாங்க."

"அவங்க எதைத்தாண்ணே எரிக்க வேணாம்னாங்க?" என்று சிரித்தார் கழுகக்கா. டாக்டர்கள் அப்படித்தான் சொல்வார்கள், நாற்றத்துக்குப் பயந்து. கால் ஒடிந்தது என்றால் அடிபட்டது, அடிபட்டது என்றால் சுத்தம். ஈறைத் தூக்கிப் பார்த்தார், நன்றாக இருந்தது. வாயில் நாற்றம் இல்லை. குளிர் இறங்கி முயல்களெல்லாம் வளைக்குள் போய்விட்ட காலம், இப்படி ஒரு பெரிய விருந்து இனிமேல் கிடைக்குமா என்று மனசு துள்ளியது. குவாரியில் இறக்கியதும் குதிரையின் பிடரிமயிரை ஒதுக்கிவிட்டு, நெற்றியில் தட்டிக்கொடுத்து, வயிற்றில் நீளமாக ஒரு கீறல் போட்டுவிட்டு வந்தார். வீட்டில் அன்றைக்கு வீட்டுக்காரரைக் கூப்பிட்டுச் சொன்னார், "என் ஜோடிக்கு இன்னைக்கு ராஜ விருந்துங்க."

மறுநாள் காலை வழக்கத்தைவிடச் சீக்கிரமே போனார். பாறைமேல் யாரும் இல்லை. தின்று முடித்தால் இரண்டும் அந்தப் பாறைமேல்தான் தொண்டை புடைக்க உட்கார்ந்திருக்கும். குதிரையைச் சுற்றிக் காக்கைகள் கிடந்தன. கொடியிலிருந்து காற்று உருவிப் போட்ட துணிகள்போல அங்கொன்றும் இங்கொன்றுமாகக் கிடந்தன. கழுகக்கா கைப்பிரேக் போட மறந்து வண்டியிலிருந்து இறங்கினார். அது சரிவில் தானாக உருண்டு ஒரு கல்லில் முட்டி நின்றது.

பெரியவ குதிரையின் வயிற்றில் முகத்தை வைத்தபடியே கிடந்தாள். ஒரு சிறகு மடங்கியிருந்தது, மற்றது விரிந்து தரையில் கிடந்தது. அலகின் நடுவே இன்னும் ஒரு துண்டு சதை. மாப்பிள்ளை கொஞ்சம் தள்ளி, பறக்கப் பார்த்து விழுந்ததுபோல், மல்லாந்து கிடந்தது. யாரோ சுட்டுவிட்டார்கள் என்றுதான் முதலில் நினைத்தார். காயத்தைத் தேடினார். ரத்தமெல்லாம் குதிரையுடையது. "ஏய், எந்திரி. எந்திரிடீ" என்று அதட்டினார். இத்தனை வருஷம் சோறு போட்டும் அவற்றைத் தொட்டதில்லை. இப்போது கையுறையைக் கழற்றிச் சிறகுக்கு அடியில் கையை விட்டார். சூடு இருந்தது. மார்பு அசையவில்லை என்று கையை எடுக்கப்போன நேரத்தில் ஒரு மூச்சு வந்தது. அடுத்த மூச்சு வருவதற்குள் அவருக்கு உயிர் போய் வந்தது.

கால்நடை மருத்துவருக்குப் போன் போட்டார்.

"டாக்டரம்மா, கழுகு ரெண்டும் விழுந்து கெடக்குதுங்க. காக்காய்ங்ககூட..."

"என்ன தின்னுச்சு?"

"குதிரை."

மருத்துவர் கேட்டார், "எந்தக் குதிரைக்கா?"

கழுகக்கா திரும்பிக் குதிரையைப் பார்த்தார்.

"நான் ஊசி போட்ட குதிரையா? எரிக்கச் சொன்னேனேக்கா!"

"தூக்க மருந்துதானேன்னு... அது குதிரையோட போயிடும்னு..."

"ஒரு குதிரையையே சாகடிக்கிற அளவு தூக்க மருந்துக்கா அது! எங்க போகும்? சதை, ரத்தம், ஈரல் அத்தனையிலயும் அப்படியே கெடக்கும்." மருத்துவரின் குரல் உடைந்தது. உடனே சமாளித்துக்கொண்டார். "முதல்ல குதிரையை மூடுங்க, இன்னொண்ணு வந்து வாய் வைக்கக் கூடாது. ரெண்டையும் சூடா வச்சிருங்க. வாயில தண்ணி ஊத்தாதீங்க. இதோ கெளம்பிட்டேன்."

லாரியின் தார்ப்பாயை இழுத்துக் குதிரையை மூடினார். தன் மேல்சட்டையைக் கழற்றிப் பெரியவளைச் சுற்றினார். மாப்பிள்ளைக்கு ஒன்றும் மிச்சமில்லை. வீட்டுக்காரருக்கு போன் போட்டு என்ன சொன்னோம் என்றே அவருக்கு நினைவில்லை, கம்பளி என்ற வார்த்தை மட்டும் சொன்னாராம். வீட்டுக்காரர் கடையைத் திறந்துபோட்டபடியே வந்தார். யார் யாரோ கொடுத்திருந்த வெள்ளைக் கம்பளிகளும் படுக்கை விரிப்புகளும் உலர்த்தும் இயந்திரத்திலிருந்து எடுத்த சூட்டோடு அவர் கையில் இருந்தன. வந்ததும் மண்ணில் மண்டியிட்டார். ரத்தமும் எச்சமும் நாறும் மாப்பிள்ளையைக் கம்பளியில் சுற்றித் தன் வெள்ளைச் சட்டையோடு அணைத்துக்கொண்டு உட்கார்ந்தார். அவர் மடியில்தான் மாப்பிள்ளை செத்தது. "மூச்சு வரலைம்மா" என்று மட்டும் சொன்னார்.

மருத்துவர் வந்து பெரியவளின் தொண்டைப்பைக்குள் குழாயை விட்டு, தின்றதையெல்லாம் கழுவி வெளியே எடுத்தார். கைப்பிடி கைப்பிடியாக வந்தது. கழுகக்கா வாளியைப் பிடித்துக்கொண்டிருந்தார். தான் திறந்து வைத்த தட்டிலிருந்து போன ஒவ்வொரு துண்டும் திரும்ப வந்து வாளியில் விழுந்தது. அவரால் அதைப் பார்க்கவும் முடியவில்லை, வேறு பக்கம் திரும்பவும் முடியவில்லை. மருத்துவர் திட்டுவார் என்று காத்திருந்தார். "நானும் கூட வந்து எரிச்சிட்டுப் போயிருக்கணும்" என்றுதான் அவர் சொன்னார். திட்டியிருந்தால் தேவலை என்று கழுகக்காவுக்குத் தோன்றியது.

பிறகு, போகிற போக்கில் சொல்வதுபோல் மருத்துவர் ஒன்று சொன்னார். "அக்கா, மாப்பிள்ளையையும் எரிச்சுடணும். அதைத் தின்னா அடுத்தது சாகும்." கழுகக்கா தலையாட்டினார். குதிரையை எரித்தார், காக்கைகளை எரித்தார். மாப்பிள்ளையைக் கம்பளியோடு சேர்த்து உலைக்குள் வைத்தார். அந்தக் கம்பளி யாருடையது என்று வீட்டுக்காரரும் கேட்கவில்லை.

அதன் பிறகு அவர் குவாரிப் பக்கம் போகவில்லை. அள்ளியது எல்லாம் உலைக்குத்தான். சக்கரத்தில் நசுங்கிய முயலைக்கூட முகர்ந்து பார்ப்பார், தூக்கி வெளிச்சத்தில் பார்ப்பார், கடைசியில் உலையில் போடுவார். பணிமனையில் யாரும் வாயைக் கிளறவில்லை. வீட்டில் சோற்றைத் தட்டில் போட்டு வைத்துக்கொண்டு கையைப் பார்த்துக்கொண்டிருப்பார். "இந்தக் கைங்க. இந்தக் கையாலதான் கிழிச்சு வச்சேன்." வீட்டுக்காரர் கொல்லைப்புற வாளியிலிருந்த அவருடைய உடுப்பை எடுத்துக்கொண்டுபோய்க் கடை இயந்திரத்தில் போட்டார். கழுகக்கா அதைக் கவனிக்கவே இல்லை.

பெரியவ பிழைத்துக்கொண்டாள். மருத்துவமனைக்குப் பின்னால் கம்பிவலைக் கொட்டகையில் நின்றாள், சிறகை விரித்தாள், கண்ணில் பழைய முறைப்பும் வந்தது. ஆனால் எதையும் தின்னவில்லை. கோழிக்குஞ்சு வைத்தார்கள், காடை வைத்தார்கள். திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. மெலிந்துகொண்டே போனாள். தானாகத் தின்னாவிட்டால் வெளியே விட முடியாது, உள்ளேயும் ரொம்ப நாள் தாங்காது என்று மருத்துவர் சொன்னார். "நீங்க வந்து போட்டுப் பாருங்கக்கா. உங்களைப் பாத்துப் பழகினவ."

"என் கையாலயா?" கழுகக்கா அலறிவிட்டார். "நான் போட்டதைத் தின்னுதான்மா இந்தக் கதிக்கு வந்தா. மறுபடியும் நானா?"

"வேற யார் இருக்காக்கா?"

அன்றைக்குப் போகவில்லை. அதற்கு அடுத்த நாளும் போகவில்லை. மூன்றாம் நாள் காலை, இறைச்சிக்கடை திறப்பதற்கு முன்பே போய் வாசலில் நின்றார். உயிரோடிருந்த வளர்ப்பு முயலைத் தானே பார்த்துப் பொறுக்கினார். அது என்ன தின்றது, எங்கே வளர்ந்தது, ஏதாவது ஊசி போட்டார்களா என்று கடைக்காரரைத் துளைத்தெடுத்தார். "சமைக்கத்தானேக்கா, கல்யாணத்துக்கா பாக்குறீங்க?" என்று அவரே நொந்துபோனார். தன் கண்ணெதிரே அறுக்கச் சொல்லி, தன் கண்ணெதிரே துண்டு போடச் சொல்லி, தகரத் தட்டில் வாங்கிக்கொண்டு கொட்டகைக்கு வந்தார்.

பெரியவ மரக்கட்டைமேல் உட்கார்ந்திருந்தாள். மார்பெலும்பு கத்தி விளிம்புபோல் துருத்தியிருந்தது. லாரிச் சத்தத்துக்கே தலையைத் திருப்பியிருந்தாள், இப்போது தட்டைப் பார்த்துக் கட்டையில் ஓரடி நகர்ந்தாள். கொத்துவதற்குத் தயாராகக் கழுத்து நீண்டது. "பாருங்க, பாத்துட்டா! உள்ள தள்ளுங்கக்கா!" என்று மருத்துவர் கம்பிக் கதவின் தாழை நீக்கினார்.

கழுகக்கா தள்ளவில்லை. தட்டிலிருந்து ஒரு துண்டை எடுத்தார். பச்சை இறைச்சி, ரத்தம் விரலில் வழிந்தது. அதை வாயில் போட்டு மென்றார். "அக்கா, என்ன பண்றீங்க!" மருத்துவர் பதறிப்போய் அவர் தோளைப் பிடித்தார். கழுகக்கா ஒரு கையைத் தூக்கி, பொறு என்று காட்டினார். கஷ்டப்பட்டு விழுங்கினார். பிறகு தட்டை மடியில் வைத்துக்கொண்டு, கம்பிக்கு அந்தப் பக்கம் பசியோடு அலகைத் திறந்தவளைப் பார்த்தபடி, தனக்குத் தூக்கம் வருகிறதா என்று காத்துக்கொண்டு தரையில் உட்கார்ந்தார்.